இடது கைக்கு ஒரு ஜெபம்

எங்கள் வீட்டுக் குடும்ப ஜெபத்தில் எனக்கு முன்னால் வேறொரு ஆண்பிள்ளை வந்த நாள் இன்றைக்கும் ஞாபகம் இருக்கிறது. எண்பதுகளின் நடுவில், ஒரு ஜூலை மாதம். டல்லாஸுக்கும் ஃபோர்ட் வொர்த்துக்கும் நடுவே, ஃப்ரீவே இரைச்சல் ஓயாத ஓர் அபார்ட்மென்டின் மாடி வீட்டில் நானும் என் மனைவியும் குடியிருந்தோம். சாப்பாடு முடிந்து, ஒரு கீர்த்தனை பாடி, வேதத்தில் ஒரு அதிகாரம் வாசித்துவிட்டு, கார்ப்பெட்டில் முழங்கால் போட்டிருந்தோம். அன்றைக்கு ஜெபம் பண்ணுவது அவள் முறை.

திருநெல்வேலிப் பக்கத்துக் கிறிஸ்தவ வீடுகளில் வளர்ந்தவர்களுக்கு இந்த ஜெபத்தின் வரிசை தெரியும். முதலில் சபையும் ஊழியக்காரர்களும். பிறகு வியாதியஸ்தர்கள். பிறகு ஊரில் இருக்கும் பெற்றோர். அதற்கப்புறம் வீட்டு விஷயம். இந்த வரிசையை யாரும் எழுதிவைக்கவில்லை. ஆனால் யார் எங்கே வருகிறார்கள் என்பதை வைத்தே அந்த வீட்டில் யாருக்கு என்ன மரியாதை என்று கண்டுபிடித்துவிடலாம். சின்ன வயதில் என் அண்ணனுடைய காலேஜ் அட்மிஷன் என் டைஃபாய்டுக்கு முன்னால் வந்தது. அதை மன்னிக்க நான் இன்னும் முயற்சி செய்துகொண்டுதான் இருக்கிறேன்.

எங்கள் வீட்டு விஷயத்தில் முதல் இடம் என் பரீட்சைக்கு. நான் பாளையங்கோட்டையில் ஆறு வருஷம் டாக்டராக இருந்தவன். மனைவி நர்ஸ். அமெரிக்காவில் நர்ஸ்களை வா வா என்று கூப்பிட்டார்கள். டாக்டரை, கொஞ்சம் இரு, பரீட்சை எழுதிவிட்டு வா என்றார்கள். அவளுடைய விசாவில் ஒட்டிக்கொண்டு வந்து சேர்ந்தேன். வெளிநாட்டில் படித்த டாக்டர்களுக்கான அந்தப் பரீட்சையை இரண்டு முறை எழுதி இரண்டு முறையும் கோட்டைவிட்டாயிற்று. என்னோடு படித்தவன் ஒருவன் முதல் தடவையே பாஸ் பண்ணிவிட்டு, நியூ ஜெர்சியில் பார்சிப்பனி என்கிற ஊரிலிருந்து மாதம் ஒருமுறை போன் போட்டு எனக்குத் தைரியம் சொல்வான். அவன் தைரியம் சொல்லும்போதெல்லாம் ரிசீவரைக் கடித்துத் துப்பலாம் போலிருக்கும். மூன்றாவது தடவை எழுதிவிட்டு ரிசல்ட்டுக்குக் காத்திருந்தேன். இதுவும் போனால் டாக்டர் என்கிற நினைப்பையே விட்டுவிட்டு ஏதாவது லேபில் ரத்தம் எடுக்கப் போவது என்று முடிவாகியிருந்தது. முடிவு பண்ணினது அவள். தலையாட்டினது நான்.

அன்றைக்கு அவள் என் அப்பாவின் சர்க்கரை வியாதி வரைக்கும் ஒழுங்காகத்தான் வந்தாள். அடுத்து நான்தான் என்று நானும் கொஞ்சம் நிமிர்ந்தேன். "ஆண்டவரே, கீழ் வீட்டுத் தம்பியோட கரத்தை ஆசீர்வதியும். அவருக்குக் கொடுத்த இந்த வாய்ப்பை நிலைக்கப் பண்ணும்" என்றாள். அதற்குப் பிறகுதான் என் பரீட்சையைத் தொட்டாள். கண்ணைத் திறந்து பார்த்தேன். அவள் கண்ணை இறுக மூடிக்கொண்டு உருகிக்கொண்டிருந்தாள்.

கீழ் வீட்டுத் தம்பி ஒரு பேஸ்பால் பிட்ச்சர். பந்து எறிபவன். இருபத்தெட்டு வயது, கதவு நிலையில் தலை இடிக்கும் உயரம், இடது கைக்காரன். அந்த நாட்டில் ஒவ்வொரு பெரிய அணிக்கும் கீழே சின்னச் சின்ன ஊர்களில் குட்டி அணிகள் உண்டு. குட்டி அணியில் ஆடிக்கொண்டே, மேலே கூப்பிடுவார்கள் என்று காத்துக் கிடக்க வேண்டும். இவன் எட்டு வருஷமாகக் காத்துக் கிடந்தான். அதற்கு முந்தின குளிர்காலத்தில், ஆட்டம் இல்லாத மாதங்களில், கீழ் வீட்டில் சும்மா இருந்தான். அவன் மனைவி ஒரு பாங்க்கில் வேலைக்குப் போவாள், என் மனைவி ஆஸ்பத்திரிக்குப் போவாள். வேலை இல்லாத புருஷன்கள் இருவரும் அபார்ட்மென்டின் பொது லாண்டரி அறையில் துணி துவைக்கப் போய்ச் சந்தித்துக்கொள்வோம். நான் அனாடமி புத்தகத்தை மடியில் வைத்திருப்பேன். அவன் ஒரு ரப்பர் பந்தை இடது கையில் பிசைந்துகொண்டிருப்பான். மெஷின் சுற்றி முடிகிற வரைக்கும் இரண்டு பேரும் எங்களை மேலே கூப்பிடாதவர்களைப் பற்றித் திட்டித் தீர்ப்போம்.

அந்தக் குளிர்காலம் முழுக்க எனக்கு அவனை ரொம்பப் பிடித்திருந்தது. காரணம் பெரிதாக ஒன்றுமில்லை. அவனும் தேறவில்லை, அவ்வளவுதான்.

ஜூலையில் அவனை மேலே கூப்பிட்டுவிட்டார்கள். அதுவும் எங்கே? எங்கள் ஊரின் பெரிய அணிக்கே. வேறெங்காவது போய்த் தொலைந்திருந்தால் என் பாட்டுக்கு இருந்திருப்பேன். பையைத் தூக்கிக்கொண்டு நேராகக் கீழ் வீட்டுக்கே வந்து சேர்ந்தான். அபார்ட்மென்ட் மேனேஜர் அம்மாள் நீச்சல் குளத்துக்குப் பக்கத்தில் அவன் பெயரைப் போட்டு பேனர் கட்டினாள். இவ்வளவு நாளாக யார் என்று கேட்காத பக்கத்து வீட்டுக்காரர்கள் எல்லாம் கேக் செய்து கொண்டுபோய்க் கொடுத்தார்கள். நானும் கை கொடுத்தேன். சந்தோஷம் என்றேன். வயிறு எரிந்த எரிச்சலில் அன்று மத்தியானம் சாப்பாடு இறங்கவில்லை.

அவன் ரிலீஃப் பிட்ச்சர். அதாவது ஆட்டத்தை ஆரம்பிக்கிறவன் வேறொருவன். அவன் கை ஓய்ந்துபோனதும், முடியப் போகிற நேரத்தில் உள்ளே வந்து மிச்சத்தை எறிந்து காப்பாற்றிக் கொடுக்க வேண்டியது இவன் வேலை. சில நாள் கூப்பிடுவார்கள், பல நாள் கூப்பிட மாட்டார்கள். இதையெல்லாம் எனக்குச் சொல்லிக் கொடுத்தது என் மனைவி. கல்யாணமாகி ஐந்து வருஷத்தில் எந்த விளையாட்டையும் ஏறெடுத்துப் பார்க்காதவள், ஆஸ்பத்திரியில் கூட வேலை பார்க்கிறவர்களிடம் கேட்டுக் கற்றுக்கொண்டு வந்து, அடுப்படியில் ரேடியோ வைத்துக்கொண்டு ஆட்டம் கேட்டாள். அவன் உள்ளே வருகிறான் என்று ரேடியோக்காரர் சொன்னால் அடுப்பை அணைத்துவிடுவாள். என் குழம்பு பாதி கொதியில் நிற்கும். அவன் எறிந்து முடிக்கிற வரைக்கும் குடும்ப ஜெபமும் தள்ளிப்போகும்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். அவன் அவளை 'டாக்' என்று கூப்பிடுவான். டாக்டருக்குச் செல்லமாம். ஒருமுறை அவன் முழங்கையில் வீக்கம் பார்த்துவிட்டு இவள் கிரேப் பேண்டேஜ் சுற்றிவிட்டாள், அதிலிருந்து ஆரம்பம். "ஐயோ, நான் நர்ஸ்தான், இவங்கதான் டாக்டர்" என்று அவள் சொல்லிப் பார்த்தாள். அவன் என்னைப் பார்த்து, துவைத்த துணிக்கூடையோடு நின்ற என்னைப் பார்த்து, நல்ல ஜோக் கேட்டவன் மாதிரி சிரித்தான். கெட்ட எண்ணத்தில் சிரிக்கவில்லை. அதுதான் இன்னும் மோசம்.

ஒரு சனிக்கிழமை எங்களுக்கு இரண்டு டிக்கெட் கொடுத்தான். அந்த வெயிலில் மெட்டல் சீட்டில் உட்கார்ந்தால் தோசைக்கல்லில் உட்கார்ந்த மாதிரி இருந்தது. என்ன நடக்கிறது என்று எனக்குப் பாதி புரியவில்லை. கடைசிக்குக் கொஞ்சம் முன்னால் தூரத்து வேலிக்கதவு திறந்து, அவன் தனியாகப் புல்வெளியில் நடந்து வந்தான். என்னைச் சுற்றியிருந்த அத்தனை பேரும் எழுந்து நின்றார்கள். மட்டையோடு வந்த மூன்று பேரை வந்த வேகத்தில் திருப்பி அனுப்பினான். கூட்டம் கத்திய கத்தலில் என் மனைவி தன் கைப்பையைக் கீழே போட்டுவிட்டுக் கைதட்டினாள். அவள் முகத்தில் அப்படி ஒரு வெளிச்சத்தை நான் என் ரிசல்ட் விஷயமாகப் பார்த்ததே இல்லை. நான் எத்தனையோ பிரசவம் பார்த்தவன். தலை திரும்பாத குழந்தையை விடிகிற வரைக்கும் போராடி வெளியே எடுத்திருக்கிறேன். எனக்காக யாரும் எழுந்து நின்றது கிடையாது. மாமியார்கள், "ஆணா பொண்ணா?" என்று கேட்டுவிட்டு என்னைத் தாண்டிப் போய்விடுவார்கள்.

"கை தட்டுங்களேன்" என்றாள்.

"தட்டிக்கிட்டுத்தானே இருக்கேன்" என்றேன். தட்டவில்லை.

மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, அந்த வட்டாரத்துத் தமிழ்க் கிறிஸ்தவக் குடும்பங்கள் யாராவது ஒருவர் வீட்டில் கூடி ஜெபிப்போம். சோபாக்களைச் சுவரோரம் தள்ளிவிட்டு, கீழே பெட்ஷீட் விரித்து, கடைசியில் எலுமிச்சை சாதமும் சிக்கன் குழம்பும் சாப்பிட்டுவிட்டுக் கலைவது வழக்கம். ஆகஸ்ட் மாதக் கூட்டத்தில், "ஜெப விண்ணப்பம் இருக்கிறவங்க சொல்லலாம்" என்றார் கூட்டத்தை நடத்தும் அங்கிள். ஒருவருக்கு கிரீன் கார்டு, ஒருவருக்கு மூட்டு வலி. என் மனைவி எழுந்து நின்று, கீழ் வீட்டுத் தம்பியைப் பற்றி மூச்சுவிடாமல் சொன்னாள். எட்டு வருஷம் காத்திருந்தது, இப்போது மேலே வந்தது, நன்றாக எறியாவிட்டால் எந்த நாளும் கீழே அனுப்பிவிடுவார்கள் என்பது எல்லாம். உட்காரும்போது, "அப்புறம் இவங்க ரிசல்ட்டும் வரணும் அங்கிள்" என்றாள்.

அங்கிள் கெமிஸ்ட்ரி புரொபசர். பேஸ்பாலைக் கண்ணால் பார்த்திருப்பாரா என்பது சந்தேகம். ஆனால் ஜெபம் என்று வந்துவிட்டால் அவரை நிறுத்த முடியாது. "ஆண்டவரே, இந்தச் சகோதரனுடைய வலது கரத்தைப் பெலப்படுத்தும். அந்த வலது கரத்தில் வல்லமையைத் தாரும். சத்துருக்கள் அந்த வலது கரத்துக்கு முன்பாக..."

"இடது கை, அங்கிள்" என்றாள் என் மனைவி, கண்ணைத் திறக்காமலே.

ஒரு வினாடி நிறுத்தினார். "இடது கரத்தையும், ஆண்டவரே" என்றார். சுற்றிலும் நாற்பது பேர் ஸ்தோத்திரம் என்றார்கள். எனக்கு ஒரு வரி கிடைத்தது. 'மற்றத் தேவைகள்' என்ற தலைப்பில், மூட்டு வலிக்கும் கீழே.

எல்லோரும் தலைகுனிந்திருந்த அந்த நேரத்தில் நான் மனசுக்குள் ஒன்று சொல்லிக்கொண்டேன். இவனைத் திருப்பி அனுப்பிவிடும், ஆண்டவரே. லாண்டரி அறைக்கே திருப்பி அனுப்பிவிடும். சொன்னதை இப்போது ஒப்புக்கொள்கிறேன். அப்போது அது எனக்குத் தப்பாகவே தோன்றவில்லை.

பத்து நாள் கழித்து அவன் எங்கள் கதவைத் தட்டினான். காலை பத்து மணி இருக்கும். அவளுக்கு அன்று டியூட்டி இல்லை. சோபாவின் நுனியில் உட்கார்ந்து, இடது கையின் கடைசி இரண்டு விரல்களை உதறிக்கொண்டே இருந்தான். விரல் மரத்துப் போகிறது, பந்து பிடியில் நிற்கவில்லை, இரண்டு வாரமாக இப்படி இருக்கிறது, யாருக்கும் சொல்லவில்லை என்றான். அவள், "காப்பி போட்டுட்டு வரேன்" என்று உள்ளே போனாள்.

நான் அவன் கையை வாங்கி முழங்கையின் உள்பக்கம் விரலால் லேசாகத் தட்டினேன். துள்ளிவிட்டான். கதவில் முழங்கையை இடித்துக்கொண்டால் விரல் நுனி வரைக்கும் கரண்ட் அடிக்குமே, அந்த நரம்புதான். எறிந்து எறிந்து அது நசுங்கிக்கொண்டிருந்தது. எனக்குத் துளி சந்தேகம் இல்லை. ஆறு வருஷ டாக்டர் அப்படியே எழுந்து உட்கார்ந்துவிட்டான் எனக்குள்ளே. இதை உடனே காட்டு, எறிவதை நிறுத்து, அணி டாக்டரிடம் சொல், விட்டால் விரல் பலம் போய்விடும் என்று அவனுக்குப் பொறுமையாக எடுத்துச் சொன்னேன்.

அவன் தலையை ஆட்டினான். டாக்டரிடம் சொன்னால் அடுத்த நாளே கீழே அனுப்பிவிடுவார்கள் என்றான். "நீ இங்கே டாக்டர் இல்லையே, அதனால்தான் உன்னிடம் வந்தேன்" என்றான். "எனக்கு டாக்டர் வேண்டாம். நான் வீட்டில் இருக்கிற நாளெல்லாம் சாயங்காலம் நீங்கள் பாடுவதும் ஜெபிப்பதும் எங்கள் கூரை வழியாகக் கேட்கிறது. எனக்காகவும் ஜெபிக்கிறீர்கள் என்று டாக் சொன்னார். இந்தக் கையைப் பிடித்துக்கொண்டு உங்கள் பாஷையிலேயே ஒரு ஜெபம் பண்ணு. அது போதும்."

நீ இங்கே டாக்டர் இல்லையே. மரியாதையாகத்தான் சொன்னான், கண்கலங்கித்தான் சொன்னான். எனக்குக் காதெல்லாம் சூடாகிவிட்டது. வியாதியைக் கண்டுபிடித்துச் சொன்னது நான். அது அவனுக்கு வேண்டாம். என் மனைவி டாக், நான் ஜெபம் பண்ணுகிற ஆள்.

கார்ப்பெட்டில் முழங்கால் போட்டேன். அவனும் அவ்வளவு பெரிய உடம்பை மடக்கி எதிரே முழங்கால் போட்டான். அந்த முழங்கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, கண்ணை மூடி, நல்ல சத்தமாகத் தமிழில் ஆரம்பித்தேன். "பரலோகப் பிதாவே, என் விடைத்தாளைத் திருத்துகிறவர்களின் கண்களில் எனக்குத் தயவு கிடைக்கப் பண்ணும்."

அப்படியே போனேன். மூன்றாம் முறையும் என்னை வெட்கப்பட விடாதேயும். பார்சிப்பனிக்காரன் முன்னால் என்னைத் தலைகுனிய விடாதேயும். ஏதாவது ஓர் ஆஸ்பத்திரியில் பயிற்சி டாக்டராக எனக்கு ஒரு ரெசிடென்சி தாரும், ஒரு வெள்ளைக் கோட்டு தாரும், என்னை டாக்டர் என்று கூப்பிட நாலு பேரைத் தாரும். பரீட்சை எழுதி ஐந்து வாரம் ஆகியிருந்தது. திருத்தியே முடித்திருப்பார்கள். அதெல்லாம் எனக்குத் தோன்றவில்லை. அவன் முழங்கை என் கைக்குள்தான் இருந்தது. அதைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை. வேண்டுமென்றேதான் சொல்லவில்லை. அஞ்சு நிமிஷம் என்னைப் பற்றியே ஜெபித்து, முடித்தேன்.

"ஆமென்!" என்றான் அவன். அறையே அதிர்ந்தது. கண்ணைத் திறந்தபோது அவன் முகம் முழுக்கக் கண்ணீர். தனக்காக இவ்வளவு நேரம் யாரும் ஜெபித்ததே இல்லை என்று சொல்லி என்னைக் கட்டிப்பிடித்தான். அவன் தோளுக்கு மேலே பார்த்தேன். அடுப்படி வாசலில் இரண்டு காப்பி டம்ளரோடு என் மனைவி நின்றுகொண்டிருந்தாள். எவ்வளவு நேரமாக நிற்கிறாள் என்று கேட்க எனக்குத் தைரியம் வரவில்லை.

அன்று சாயங்காலம் அவள் முறை. "தொண்டை சரியில்ல, நீங்களே பண்ணிடுங்க" என்றாள். மறுநாளும் அதே. அதற்கு மறுநாளும் அதே. கோபம் என்று எனக்குத் தெரிந்தது, நியாயமான கோபம் என்றும் தெரிந்தது. நானே ஜெபம் பண்ணினேன். அவனையும் சேர்த்துக்கொண்டேன், வியாதியஸ்தர்களில் கடைசியாக. அவள் குனிந்த தலை நிமிராமல் உட்கார்ந்திருப்பாள்.

அதற்குப் பிறகு அவனை நாலைந்து முறைதான் உள்ளே கூப்பிட்டார்கள். கடைசி முறை நானும் அடுப்படியில் நின்று ரேடியோ கேட்டேன். எறிந்த பந்து ஒன்றும் இருக்க வேண்டிய இடத்தில் இல்லை. மட்டைக்காரர்கள் நாலு பேரை, அடிக்காமலேயே முதல் பேஸுக்குச் சும்மா நடக்க விட்டான். அணியின் மேனேஜர் உள்ளே வந்து அவன் கையிலிருந்து பந்தை வாங்கிக்கொண்டார் என்று ரேடியோக்காரர் சொன்னார். அவள் ரேடியோவை அணைத்தாள். நான் கேட்டது அப்படியே நடந்துகொண்டிருந்தது. உச்சி குளிர்ந்திருக்க வேண்டும், குளிரவில்லை. ஆனால் பொய் சொல்ல மாட்டேன், அடியில் எங்கோ ஒரு ஓரத்தில் கொஞ்சம் குளிர்ந்தது.

அக்டோபரில் அணி அவனை விட்டுவிட்டது. அதே வாரத்தில் எனக்குக் கடிதம் வந்தது. பாஸ்.

லெட்டர் பாக்ஸ் பக்கத்திலேயே நின்று மூன்று தடவை படித்தேன். பத்தடி தள்ளி அவன் ஒரு வாடகை டிரக்கில் அட்டைப்பெட்டிகளை ஏற்றிக்கொண்டிருந்தான். மேற்கு டெக்சாஸில் மாமனாருடைய கடைக்குப் போகிறான் என்று கேள்விப்பட்டிருந்தேன். என் முகத்தைப் பார்த்து, "என்ன?" என்றான். சொன்னேன். பெட்டியை அப்படியே தரையில் போட்டுவிட்டு ஓடிவந்து வலது கையாலேயே என்னைத் தரையிலிருந்து தூக்கிவிட்டான். இடது கை தொங்கிக்கொண்டிருந்தது. பார்க்கிங் லாட் முழுக்கக் கேட்கிற மாதிரி, "டாக்டர்! டாக்டர்!" என்று கத்தினான். அவனுக்கு நடிக்கத் தெரியாது. நிஜமாகவே சந்தோஷப்பட்டான், தன் வாழ்க்கை அட்டைப்பெட்டியில் ஏறிக்கொண்டிருந்த நாளில். அவனிடம் நான் பட்ட பொறாமைகளிலேயே பெரியது அதுதான். அது இன்னும் தீரவில்லை.

மேலே வந்து கடிதத்தை அவளிடம் கொடுத்தேன். படித்தாள். மடித்தாள். சோபாவில் உட்காராமல் கார்ப்பெட்டில் சுவரில் சாய்ந்து உட்கார்ந்தாள். சந்தோஷப்படுவாள் என்று பார்த்தால், முகத்தில் ஈயாடவில்லை.

"நான் அன்னைக்குப் பண்ணினது தப்புதான்" என்றேன். "உனக்கு என் மேல கோவம்னு தெரியும்."

"உங்க மேல எனக்கு என்ன கோவம்?" என்றாள்.

"பின்ன ஏன் இத்தனை நாளா ஜெபம் பண்ண மாட்டேங்கிற?"

கீழே அட்டைப்பெட்டிகள் இழுபடும் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது.

"நீங்க ஆரம்பிச்சதுலேர்ந்து நான் அங்கதான் நின்னேன். ஒவ்வொரு வார்த்தையும் கேட்டேன். அந்தத் தம்பிக்குத்தான் புரியாது, எனக்குப் புரிஞ்சுதே. ஒரு சத்தம் குடுத்து நிறுத்தியிருக்கலாம். அவர் கைக்கும் ஒரு வார்த்தை சொல்லுங்கன்னு சொல்லியிருக்கலாம்." கடிதத்தை மறுபடியும் பிரித்து, மடித்தாள். "நீங்க முடிச்சதும் நானும் ஆமென்னு சொன்னேங்க. அவருக்கு முந்தி சொன்னேன். மனசார சொன்னேன்."

எத்தனை மாதமாக, அவனுக்கு முன்னால் என்னை வைத்து அவள் வாயால் இப்படி ஒன்று கேட்க ஏங்கிக்கொண்டிருந்தேன். கேட்டாயிற்று. நானும் போய் அவள் பக்கத்தில் உட்கார்ந்தேன். கீழே டிரக்கை ஸ்டார்ட் பண்ணினான். கிளம்புவதற்கு முன்னால் எங்களைக் கூப்பிடுகிற மாதிரி இரண்டு முறை ஹார்ன் அடித்தான். நாங்கள் இருவரும் ஜன்னலுக்குப் போகவில்லை.